மண்ணில் மறைந்த மாநகர்

கரியமாணிக்கத்தைச் சுற்றியுள்ள ஊர்கள் பழமையானவை. பாகூர் மூலநாதர் கோயிலின் சுவர்களில் சோழர் காலக் கல்வெட்டுகள் வரிவரியாக உள்ளன. வடக்கே திருபுவனையில் வரதராசப் பெருமாள் கோயில் இருக்கிறது. அங்குள்ள ஒரு கல்வெட்டு, ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் அவ்வூரில் நடந்த ஒரு கல்லூரியைப் பற்றிக் கூறுகிறது. 260 மாணவர்களும் 12 ஆசிரியர்களும் அதில் இருந்தனர். அவர்களுடைய செலவுக்கு 72 வேலி நிலம் விடப்பட்டிருந்தது. படிப்போரும் படிப்பிப்போரும் ஊர் வாரியங்களில் பணியாற்ற வேண்டியதில்லை என்ற விலக்கும் அளிக்கப்பட்டிருந்தது.

இக்கல்வெட்டு முதலாம் இராசாதிராசனின் 30-ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்தது. அதாவது கி.பி. 1048. அந்த ஆண்டில் திருபுவனையும் பாகூரும் எந்தத் தலைநகருக்கு அடங்கியிருந்தன? பள்ளி மாணவரைக் கேட்டால் "தஞ்சாவூர்" என்பார். அது சரியன்று. அப்போது சோழப் பேரரசின் தலைநகர் கங்கைகொண்ட சோழபுரம்.

அத்தலைநகரைப் பார்க்க விரும்புவோர் பண்ணுருட்டி, வடலூர், சேத்தியாத்தோப்பு வழியாகத் தெற்கே செல்லலாம். காலையில் புறப்பட்டால் பார்த்துவிட்டு அன்றே திரும்பிவிடலாம். அரியலூர் மாவட்டத்தில், செயங்கொண்டத்துக்கு அருகே, சமவெளியின் நடுவில் ஒரு பெரிய கோயில் விமானம் மட்டும் வானளாவி நிற்கும். அதைச் சுற்றிலும் ஒரு சிற்றூர். அதற்கப்பால் வயல்கள், முந்திரித் தோப்புகள், மண்மேடுகள். 250 ஆண்டுகள் ஒரு பேரரசை ஆண்ட மாநகரில் கண்ணுக்குத் தெரிவது இவ்வளவே.

அரண்மனை எங்கே? கோட்டை எங்கே? கடைத்தெருக்கள் எங்கே? கல்லூரி நடத்திய ஊர் இன்றும் ஊராக இருக்க, அதனை ஆண்ட தலைநகர் ஏன் இல்லாமற் போயிற்று? விடை காண்பதற்கு முன், இதே கதி அடைந்த இன்னொரு நகரத்தை நாம் ஒருமுறை பார்த்து வருவோம். அது எகிப்தில் உள்ளது.

பாலைவனத்தில் ஒரு தலைநகர்

கி.மு. 14-ஆம் நூற்றாண்டில் எகிப்தை ஆண்ட நான்காம் அமென்ஹோதெப் என்ற மன்னன், பழைய தெய்வங்களை ஒதுக்கிவிட்டு ஆத்தன் என்னும் சூரிய வட்டத்தையே வழிபட்டான். தன் பெயரையும் அகெனாத்தன் என்று மாற்றிக்கொண்டான். பழைய தலைநகரான தீப்ஸ் பழைய தெய்வங்களின் ஊர். எனவே தனக்கும் தன் தெய்வத்துக்கும் புதியதொரு நகர் வேண்டுமென்று, தன் ஐந்தாம் ஆட்சியாண்டில் நைல் ஆற்றின் கீழ்க்கரையில் ஆளில்லாத ஓரிடத்தைத் தேர்ந்தெடுத்தான். எல்லைகளைப் பாறைகளில் கல்வெட்டாகப் பொறித்தான். சில ஆண்டுகளுக்குள் கோயில்களும் அரண்மனைகளும் ஆயிரக்கணக்கான வீடுகளும் எழுந்தன. இன்று அமர்னா என்று வழங்கப்படும் இடம் அதுவே.

அகெனாத்தன் 17 ஆண்டுகள் ஆண்டான். அவன் இறந்து சில ஆண்டுகளுக்குள், சிறுவனான துட்டன்காமன் காலத்தில், அரசவை அந்நகரை விட்டு நீங்கியது. மக்களும் நீங்கினர். ஒரு மனிதனின் ஆயுட்காலத்தில் பாதிக்கும் குறைவான காலத்தில் ஒரு தலைநகர் பிறந்து, வாழ்ந்து, இறந்துவிட்டது. பின்வந்த மன்னர்கள் அகெனாத்தனின் பெயரை அரசர் பட்டியலிலிருந்தே நீக்கிவிட்டனர்.

அந்நகரின் பெருமையை உலகம் மீண்டும் அறிந்தது மிகவும் பிற்காலத்தில்தான். 1887-இல் அங்கே களிமண் பலகைகள் கிடைத்தன. அவற்றுள் 350-க்கும் மேற்பட்டவை அண்டை நாட்டு மன்னர்களும் சிற்றரசர்களும் எகிப்திய அரசவையுடன் நடத்திய கடிதப் போக்குவரத்து என்பது தெரியவந்தது. 1912-இல் செருமானிய அறிஞர் லுட்விக் போர்க்கார்ட், துத்மோஸ் என்ற சிற்பியின் பட்டறையில் அரசி நெபர்த்தீத்தியின் வண்ணச் சிலையைக் கண்டெடுத்தார். 2006 முதல் எளிய மக்களின் இடுகாடுகள் அகழப்பட்டன. அங்கே புதைக்கப்பட்டவர்களில் மிகப் பலர் இளவயதினர். கடும் சுமை தூக்கியதன் அடையாளங்கள் அவர்களுடைய எலும்புகளில் உள்ளன. மன்னனின் அவசரத்துக்கு விலை கொடுத்தவர் யார் என்பதை எலும்புகள் சொல்லிவிட்டன!

இனி நம் நாட்டுக்குத் திரும்புவோம்.

கங்கையின் பெயரால் ஒரு நகர்

முதலாம் இராசராசனின் மகன் முதலாம் இராசேந்திரன் 1012-இல் இளவரசுப் பட்டம் பெற்று, 1014 முதல் 1044 வரை ஆண்டான். அவனுடைய படை கலிங்கத்தையும் வங்கத்தையும் கடந்து கங்கைக் கரை வரை சென்று, பால மரபினனான மகிபாலனை வென்றது. படைத்தலைவன் கொண்டுவந்த கங்கை நீரை இராசேந்திரன் கோதாவரிக் கரையில் எதிர்கொண்டு பெற்றான் என்று திருவாலங்காட்டுச் செப்பேடுகள் கூறுகின்றன. 31 ஏடுகள் கொண்ட அச்செப்பேட்டுத் தொகுதி 1905-இல் கிடைத்தது. இவ்வெற்றியால் அவனுக்குக் கங்கைகொண்ட சோழன் என்ற பட்டம் உண்டாயிற்று. அப்பட்டத்தின் பெயராலேயே புதிய தலைநகர் எழுந்தது. 1025-ஐ ஒட்டி அது தலைநகராகிவிட்டது.

செழிப்பான தஞ்சையை விட்டுவிட்டு வேறிடம் செல்வானேன்? தஞ்சாவூர் காவிரிப் படுகையில், கொள்ளிடத்துக்குத் தெற்கே உள்ளது. அங்கிருந்து வடக்கே படை நடத்த வேண்டுமாயின் காவிரியையும் கொள்ளிடத்தையும் கடந்தாக வேண்டும். வெள்ளக் காலத்தில் அது எளிதன்று. பேரரசின் பகைவரோ வடமேற்கே, துங்கபத்திரைக்கு அப்பால் இருந்த மேலைச் சாளுக்கியர். புதிய நகர் கொள்ளிடத்துக்கு வடக்கே அமைந்ததால் நடுநாட்டுக்கும் தொண்டை மண்டலத்துக்கும் வழி திறந்து கிடந்தது. அகெனாத்தன் சமயத்துக்காக இடம் மாறினான். இராசேந்திரன் மாறியதில் போர்க்கணக்கு மிகுதி என்று கருதலாம்.

ஆனால் அங்கே ஒரு குறை இருந்தது. அது காவிரியின் வண்டல் நிலமன்று. மழையை நம்பிய மேட்டு நிலம். ஒரு மாநகருக்கு வேண்டிய நீருக்கு வழி என்ன? இராசேந்திரன் ஓர் ஏரியை வெட்டினான். அதில் கங்கை நீரைச் சேர்த்துச் சோழகங்கம் என்று பெயரிட்டான். கல்லால் வெற்றித்தூண் நாட்டுவது மன்னர் வழக்கம். இவனோ நீரால் ஒரு வெற்றித்தூண் நாட்டினான் என்று செப்பேட்டுப் புலவர் வியக்கிறார். இன்று பொன்னேரி என்று வழங்கும் அவ்வேரியின் கரை வடக்குத் தெற்காக 16 மைல், அதாவது சுமார் 25 கிலோமீட்டர் நீண்டிருந்ததாக 19-ஆம் நூற்றாண்டுக் குறிப்பு ஒன்று தெரிவிக்கிறது. கொள்ளிடத்திலிருந்து அதற்கு நீர் கொண்டுவந்த வாய்க்காலின் நீளம் 60 மைல் என்றும் அக்குறிப்புச் சொல்கிறது.

நகரின் நடுவே கங்கைகொண்ட சோழேச்சரம் எழுந்தது. அதன் விமானம் சுமார் 55 மீட்டர் உயரமும் ஒன்பது நிலைகளும் உடையது. தஞ்சைப் பெரிய கோயில் விமானம் பதின்மூன்று நிலைகளோடு இதனினும் உயர்ந்தது. தஞ்சை விமானம் நேர்கோடாக ஏறிக் கூர்மையாகிறது. இதுவோ மேலே செல்லச் செல்ல உட்புறமாக வளைந்து குவிகிறது. தந்தை கட்டிய கோயிலைவிட மகன் கட்டியது சற்றே சிறியது. ஆயினும் நளினத்தில் குறைந்ததன்று. சண்டேசருக்குச் சிவபெருமான் மாலை சூட்டும் சிற்பத்தைக் கண்டவர் மறக்கமாட்டார். 2004-இல் இக்கோயில் உலகப் பாரம்பரியச் சின்னங்களின் வரிசையில் சேர்க்கப்பட்டது.

கோயிலுக்குத் தென்மேற்கே சுமார் 2 கிலோமீட்டரில் அரண்மனை இருந்தது. சோழகேரளன் திருமாளிகை என்ற பெயர் கல்வெட்டில் காணப்படுகிறது. இராசேந்திர சோழன் மதில், இராசராசன் பெருவழி முதலிய பெயர்களும் கல்வெட்டுகளிலிருந்து தெரிய வருகின்றன. கல்வெட்டைப் படிக்கத் தெரியாதவர்கள்கூட அந்நகரின் படத்தை மனத்தில் வரைந்துகொள்ளலாம். சுற்றுப்புற ஊர்களின் பெயர்களே அதற்குப் போதும். கோட்டைக்குள் இருந்த பகுதி உட்கோட்டை; மாளிகை இருந்த மேடு மாளிகைமேடு. ஆயுதகளம், மெய்க்காவல்புத்தூர், சுண்ணாம்புக்குழி என்ற பெயர்கள் படைக்கலங்களையும், மன்னரின் மெய்க்காவலரையும், கட்டட வேலையையும் நினைவூட்டுகின்றன. மதில் போய்விட்டது, பெயர் போகவில்லை.

வெற்றியும் பழியும்

இராசேந்திரனுக்குப் பின் அவனுடைய மூன்று புதல்வர்கள் ஒருவர்பின் ஒருவராக ஆண்டனர். மூத்தவன் இராசாதிராசன், நாம் முன்பு கண்ட திருபுவனைக் கல்வெட்டின் மன்னன், 1054-இல் கொப்பம் போர்க்களத்தில் யானைமேலிருந்தவாறே உயிர் துறந்தான். தம்பி இரண்டாம் இராசேந்திரன் அந்தக் களத்திலேயே முடி சூடிப் போரை வென்றான். அடுத்த தம்பி வீரராசேந்திரன் 1063 முதல் 1070 வரை ஆண்டான். அவன் மகன் அதிராசேந்திரன் சில மாதங்களே அரியணையில் இருந்தான். பிறகு, கங்கைகொண்ட சோழனின் மகள் வயிற்றுப் பேரனான முதலாம் குலோத்துங்கன் 1070-இல் ஆட்சிக்கு வந்து ஏறத்தாழ அரை நூற்றாண்டு ஆண்டான். சுங்க வரியை நீக்கியதால் அவனைச் சுங்கம் தவிர்த்த சோழன் என்பர். 1077-இல் 72 பேர் கொண்ட தூதுக்குழு ஒன்று சோழ நாட்டிலிருந்து சீனம் சென்றதும் அவன் காலத்தில்தான்.

இம்மன்னர்கள் வென்ற நாடுகளிலிருந்து பொன்னோடு சிற்பங்களையும் கொண்டுவந்தனர். கங்கைகொண்ட சோழபுரத்திலும் அருகிலுள்ள செங்கமேடு முதலிய ஊர்களிலும் சாளுக்கிய, கலிங்கச் சிற்பங்கள் இன்றும் உள்ளன. அவை விலைக்கு வாங்கப்பட்டவை அல்ல, தோற்றவரிடமிருந்து எடுக்கப்பட்டவை. இராசாதிராசன் சாளுக்கியரின் தலைநகரான கலியாணபுரத்தை எரித்து, அங்கிருந்து ஒரு வாயிற்காவலர் சிலையைக் கொண்டுவந்தான். அதைத் தான் கொண்டுவந்ததாக அச்சிலையின் பீடத்தில் தமிழிலேயே பொறித்தும் வைத்தான். அச்சிலை இப்போது தஞ்சாவூர்க் கலைக்கூடத்தில் இருக்கிறது.

அக்காலப் போர்முறையை இதிலிருந்து நாம் அறியலாம். பகைவனின் படையை வெல்வது மட்டும் போதாது. அவனுடைய தலைநகரையும் இழிவுபடுத்த வேண்டும். ஏனெனில் தலைநகர் என்பது மன்னனின் புகழ் குடியிருக்கும் இடம். மூன்றாம் குலோத்துங்கன் (1178-1218) மதுரையைக் கைப்பற்றியபோது பாண்டியரின் முடிசூட்டு மண்டபத்தை இடித்து, அவ்விடத்தைக் கழுதை பூட்டி உழுது வரகு விதைத்ததாக அவனுடைய கல்வெட்டுகளே பெருமையோடு கூறுகின்றன.

அப்பழி அவன் ஆட்சி முடிவதற்குள்ளேயே திரும்பி வந்தது. 1216-இல் பட்டத்துக்கு வந்த மாறவர்மன் சுந்தர பாண்டியன் சோழ நாட்டின்மேல் படையெடுத்து, தஞ்சையையும் உறந்தையையும் தீக்கிரையாக்கினான். சோழ மன்னன் நாட்டை இழந்து ஓடினான். போசளர் உதவியால் முடி மீண்டும் கிடைத்தது. ஆனால் பழைய வலிமை மீளவில்லை.

நம் வயல்களில் நடந்த போர்

அடுத்து வந்த மூன்றாம் இராசராசன் காலத்தில் நடந்தவை பாகூர்ப் பகுதி மக்களுக்கு மிக நெருக்கமானவை. சேந்தமங்கலத்தில் இருந்த காடவர் தலைவன் கோப்பெருஞ்சிங்கன் தன் பேரரசனையே பிடித்துச் சிறையில் வைத்துவிட்டான். இச்செய்தி கேட்ட போசள மன்னன் இரண்டாம் நரசிம்மன், அப்பண்ணன், சமுத்திரக் கோப்பையன் என்ற இரு தளபதிகளை அனுப்பினான். இந்நிகழ்ச்சி முழுவதையும் கடலூரை அடுத்த திருவயிந்திரபுரம் கோயிலில் உள்ள 1231-32-ஆம் ஆண்டுக் கல்வெட்டு விரிவாகச் சொல்கிறது. தளபதிகள் வழிநெடுகக் கோப்பெருஞ்சிங்கனின் ஊர்களை அழித்துக்கொண்டு வந்தனர். தில்லைப் பொன்னம்பலத்தை வணங்கினர், திருப்பாதிரிப்புலியூரில் தங்கினர், திருவதிகை, திருவக்கரை முதலான ஊர்களைப் பாழாக்கினர். இறுதியில் கோப்பெருஞ்சிங்கன் பணிந்து சோழனை விடுவித்தான்.

திருவதிகை எங்கே, திருவக்கரை எங்கே என்று நாட்டுப் படத்தில் பாருங்கள். ஒன்று கெடில ஆற்றின் பக்கம். மற்றொன்று வடக்கே வராக நதியின் பக்கம். கரியமாணிக்கமும் பாகூரும் வில்லியனூரும் இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட நிலம். பேரரசின் தலைவிதி தீர்மானிக்கப்பட்டது நம் சுற்றுவட்டாரத்து ஏரிகளுக்கும் வயல்களுக்கும் நடுவில்தான்.

மூன்றாம் இராசேந்திரன் 1246-இல் ஆட்சிக்கு வந்தான். சடையவர்மன் சுந்தர பாண்டியன் அவனைத் திறை செலுத்தும் சிற்றரசனாக்கினான். 1279-க்குப் பிறகு சோழ மன்னன் பெயரால் ஆட்சியாண்டு குறிக்கும் கல்வெட்டு இல்லை. அரச மரபு முடிந்தது. அரசர் வாழ்ந்த நகரை வைத்துக் காக்க இனி யாருக்கும் தேவை இருக்கவில்லை.

ஆனால் கோயிலில் விளக்கு அணைந்துவிடவில்லை. பாண்டியர் கல்வெட்டுகளும் அதன்பின் விசயநகரக் காலக் கல்வெட்டும் அக்கோயிலில் உள்ளன. சோழரை வென்றவர்களே சோழன் கட்டிய கோயிலுக்குக் கொடை அளித்தனர். இதனை நாம் நன்கு கவனிக்க வேண்டும்.

கல்லும் செங்கல்லும்

அமர்னாவிலும் கங்கைகொண்ட சோழபுரத்திலும் நடந்ததை ஒப்பிட்டால் வியப்பான உண்மை ஒன்று வெளிப்படும். அமர்னாவில் கோயில்கள் அடியோடு மறைந்துவிட்டன. எளிய வீடுகளின் அடிச்சுவர்கள் எஞ்சி நிற்கின்றன. கங்கைகொண்ட சோழபுரத்தில் கோயில் நிற்கிறது. அரண்மனையும் வீடுகளும் மறைந்துவிட்டன. ஏன் இந்தத் தலைகீழ் நிலை?

அமர்னாவின் கோயில்கள் சிறு கற்களால் கட்டப்பட்டவை. ஒவ்வொரு கல்லும் ஏறத்தாழ 52 சென்டிமீட்டர் நீளமும் 26 சென்டிமீட்டர் அகலமும் உடையது. ஒரே ஆள் தூக்கிச் செல்லத்தக்க அளவு. விரைவாகக் கட்டி முடிக்க இது உதவியது. விரைவாகப் பிரித்து எடுக்கவும் அதுவே உதவியது! பின்வந்த மன்னர்கள் கற்களைப் பிரித்து, நைல் ஆற்றின் மறுகரைக்குக் கொண்டுசென்று தங்கள் கட்டடங்களுக்குள் இட்டனர். எர்மோபொலிஸ் என்ற இடத்தில் இரண்டாம் இராம்சேஸ் கட்டிய வாயிலின் அடித்தளத்தில் மட்டும் அத்தகைய கற்கள் ஆயிரத்துக்கு மேல் கிடைத்துள்ளன. அங்கே வீடுகளோ வெயிலில் உலர்த்திய பச்சை மண்கற்களால் ஆனவை. அவற்றைப் பெயர்த்து வேறொரு வீடு கட்ட முடியாது. மழையும் இல்லை. எனவே மணல் மூடி அவற்றைக் காத்தது.

தமிழ்நாட்டு நிலை வேறு. இங்கே கருங்கல் கோயிலுக்கு. அரண்மனைக்குச் சுட்ட செங்கல், மரம், ஓடு. மரத்தைக் கறையானும் மழையும் தின்றுவிடும். சுட்ட செங்கல்லோ நூற்றாண்டுகள் கழிந்தாலும் கெடாது. சுவரிலிருந்து பெயர்த்தால் மீண்டும் ஒரு வீட்டுக்கு ஆகும். ஆண்டவன் இருக்கும் கோயிலில் கைவைக்க ஊர் மக்கள் அஞ்சினர். ஆளற்ற அரண்மனையில் கைவைக்க அஞ்சவில்லை. தலைமுறை தலைமுறையாக மாளிகைமேட்டின் செங்கற்கள் பெயர்க்கப்பட்டுச் சுற்றுப்புற வீடுகளுக்குச் சென்றன.

அப்படியானால் அகழ்வாராய்ச்சியாளருக்கு அங்கே என்ன வேலை? இங்குதான் அறிவியலின் நுட்பம் உள்ளது. ஒரு சுவரின் செங்கற்களை முழுவதும் பெயர்த்துவிட்டாலும் சுவர் இருந்த பள்ளம் எஞ்சுகிறது. அதில் நாளடைவில் செங்கல் துண்டுகளும் காரைத் தூளும் தளர்ந்த மண்ணும் சேர்கின்றன. பக்கத்தில் உள்ள பழைய மண்ணோ இறுகி, வேறு நிறத்தில் இருக்கும. மண்ணை அடுக்கடுக்காக, கரண்டியால் சுரண்டி எடுக்கும்போது இந்த நிற வேறுபாடு நேர்கோடாகத் தெரியும். அக்கோடே மறைந்த சுவரின் நிழல். சுவர் இல்லாத இடத்தில் சுவரைப் படிக்கும் கலை இது.

தமிழ்நாடு தொல்லியல் துறை 1980-களில் மாளிகைமேட்டை அகழ்ந்தது. ஒரு மீட்டருக்கும் மேற்பட்ட பருமனுள்ள செங்கல் சுவர்களின் அடிப்பகுதிகள் வெளிப்பட்டன. சுவரை ஒட்டிச் சீரான இடைவெளியில் கருங்கல் தூண்கள் நிறுத்தப்பட்டிருந்ததும் தெரிந்தது. கூரை ஓடுகள், இரும்பு ஆணிகள், கண்ணாடி வளையல்கள், தந்தத்தால் ஆன பொருள்கள், சீன நாட்டுப் பீங்கான் ஓடுகள் ஆகியவை கிடைத்தன. குலோத்துங்கனின் தூதுக்குழு சீனம் சென்ற செய்தியை நாம் முன்பு கண்டோம். அந்நாட்டோடு நடந்த வாணிகத்துக்கு உடைந்த பீங்கான் துண்டு ஒன்று கைகாட்டுகிறது. 2021 முதல் அங்கே மீண்டும் அகழாய்வுகள் நடைபெற்றன.

அணைக்குப் போன மதில்

கோயிலின் கற்கள் முற்றிலும் தப்பின என்று எண்ணிவிட வேண்டாம். 18-ஆம் நூற்றாண்டுப் போர்க் காலத்தில் கோயில் ஒரு கோட்டையாகப் பயன்பட்டது. அதன்பின் வந்தது வேறொரு தீங்கு. 1836-இல் ஆங்கிலேயர் ஆட்சியில் கொள்ளிடத்தின் குறுக்கே கீழணை கட்டப்பட்டது. அணைக்குக் கல் தேவைப்பட்டது. அருகிலேயே ஆயத்தமாகச் செதுக்கிய கருங்கல் மதில் நின்றது! மதில் ஏறக்குறைய முழுவதும் இடிக்கப்பட்டுக் கற்கள் அணைக்குச் சென்றன. சிற்ப வேலைப்பாடுள்ள கற்களும் அவற்றோடு போயின.

ஊர் மக்கள் தங்களால் இயன்றவரை தடுத்தனர். பயனில்லை. அதிகாரிகளை எதிர்த்ததாக அவர்களே தண்டிக்கப்பட்டனர். கல் மதிலுக்குப் பதிலாகச் செங்கல் மதில் கட்டித் தருவதாக ஒரு வாக்குறுதி அளிக்கப்பட்டது, அது நிறைவேற்றப்படவேயில்லை. இவற்றை எழுதியவர் தமிழர் அல்லர். 1855-இல் வெளிவந்த ஆங்கில நூல் ஒன்றே இதை வருத்தத்தோடு பதிவு செய்துள்ளது.

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். கீழணையால் பல்லாயிரம் காணி நிலம் பாசனம் பெற்றது. வீராணம் ஏரிக்கும் நீர் கிடைக்கிறது. உழவர் வாழ ஒரு மதில் போனால் என்ன? அணை வேண்டியதுதான். ஆனால் கருங்கல் மலையிலும் கிடைக்கும். ஒருமுறை செதுக்கி, ஒருமுறை எழுதி நிறுத்திய கல் வேறெங்கும் கிடைக்காது. அந்த மதிலில் கல்வெட்டுகள் இருந்திருந்தால், அவற்றில் எழுதியிருந்தது இனி எவருக்கும் தெரியப்போவதில்லை. செலவைக் குறைத்தவர்கள் கணக்கில் சேர்க்க மறந்தது இதனைத்தான்.

எது நிற்கும்?

நாம் தொடங்கிய கேள்விக்கு வருவோம். தலைநகர் மறைந்தது, திருபுவனையும் பாகூரும் ஏன் நிலைத்தன?

மன்னன் ஒருவனின் விருப்பத்தால் எழும் நகர் அவன் மரபு உள்ளவரைதான் வாழும். அமர்னாவின் ஆயுள் ஏறக்குறைய 20 ஆண்டு. கங்கைகொண்ட சோழபுரத்தின் ஆயுள் 250 ஆண்டு. கால அளவில்தான் வேறுபாடு. முடிவில் வேறுபாடு இல்லை. அரசவை இருந்தவரை நாடெங்கிலுமிருந்து நெல்லும் பொன்னும் அங்கே வந்து குவிந்தன. அரசவை போனதும் அந்த வரவு நின்றது. தன் உணவைத் தானே விளைவிக்காத நகர் அதன்பின் எப்படி வாழும்?

பாகூர் அப்படிப்பட்டதன்று. பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மன் தன் எட்டாம் ஆட்சியாண்டில், பாகூரில் இருந்த கல்விச்சாலைக்கு மூன்று ஊர்களைக் கொடையளித்தான் என்பதைப் பாகூர்ச் செப்பேடுகள் தெரிவிக்கின்றன. அது ஒன்பதாம் நூற்றாண்டு. கங்கைகொண்ட சோழபுரம் பிறப்பதற்கு ஒன்றரை நூற்றாண்டு முன்பு. பல்லவர் போயினர், சோழர், பாண்டியர், விசயநகரத்தார், பிரெஞ்சுக்காரர் ஆகியோரும் வந்து போயினர். ஏரியும் வயலும் இருந்தன. அவற்றைப் பேணிய மக்களும் இருந்தனர். ஆகவே ஊர் இருந்தது. தலைநகரிலும்கூட நிலைத்தவை எவை? மக்கள் வணங்கிய கோயில், நீர் தந்த ஏரியின் பெயர், நாவில் வழங்கிய ஊர்ப்பெயர்கள். பின்வந்த மக்களுக்கு எது வேண்டியிருந்ததோ அது நின்றது. மன்னனுக்கு மட்டும் வேண்டியிருந்தது மண்ணாயிற்று.

மாணவர்கள் கங்கைகொண்ட சோழபுரத்துக்குச் சுற்றுலா செல்லும்போது கோயிலை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகின்றனர். மாளிகைமேட்டுக்கும் செல்ல வேண்டும். அகழ்ந்த குழிகளின் ஓரத்தில் நின்று, செங்கல் இல்லாத சுவரின் கோட்டைத் தேடிப் பார்க்க வேண்டும்.

அதற்கு முன் தம் சொந்த ஊர்க் கோயிலின் சுவரையும் அவர்கள் ஒருமுறை பார்ப்பது நன்று. பாகூர் குப்புசாமி அவர்கள் திரட்டிய புதுச்சேரி மாநிலக் கல்வெட்டுகள் 2006-இல் நூலாக வெளிவந்தன. ஊர் ஊராகச் சென்று ஒருவர் தேடியதால்தான் அவை இன்று நம் கையில் உள்ளன. திருப்பணியின்போது சுண்ணாம்பாலோ சாயத்தாலோ ஓர் எழுத்து மூடப்பட்டால், இயந்திரத்தால் கல் தேய்க்கப்பட்டால், கீழணைக்குக் கல் எடுத்தவர்கள் செய்த தவற்றையே நாமும் செய்தவர்களாவோம். வயலில் பழைய செங்கல்லோ பானை ஓடோ நாணயமோ கிடைத்தால் அதைக் கிடைத்த இடத்திலேயே விட்டு, ஆசிரியருக்கோ தொல்லியல் துறைக்கோ தெரிவிக்க வேண்டும். இடம் பெயர்ந்த பொருள் பாதி ஊமை.

260 மாணவர் படித்த கல்லூரியைப் பற்றி இன்று நாம் அறிவது எதனால்? திருபுவனையில் எவரும் அந்தக் கல்லைப் பெயர்க்கவில்லை என்பதனால்தான்.